பலகையின் முதுகில் ஒரு சொட்டு ஈயம்

லிஃப்ட்காரர் வீட்டுக் கம்ப்யூட்டர் ஒரு சனிக்கிழமை சாயங்காலம் மூச்சை நிறுத்தியது. பட்டனை அழுத்தினால் விளக்கு எரிகிறது, உள்ளே விசிறி சுற்றுகிறது, திரை மட்டும் கறுப்பாகவே கிடக்கிறது. மறுநாள் ஞாயிறு. ஞாயிற்றுக்கிழமை என்றால் சரக்குக் கப்பலில் வேலை பார்க்கும் ஒரே மகன் அந்தத் திரையில் வந்து பேசுவான். வாரத்தின் மற்ற நாட்களை லிஃப்ட்காரர் பல்லைக் கடித்துக்கொண்டு ஓட்டுவதே அந்த அரை மணி நேரத்துக்காகத்தான். சரியாக அந்த நேரம் பார்த்துத் திரை இருண்டுபோனால் மனுஷனுக்கு எப்படி இருக்கும்?

லிஃப்ட்காரர் என்பது லிஃப்ட் ரிப்பேர் செய்யும் அவருக்கு அந்தக் குடியிருப்பில் வைத்த பேர். ஊரில் உள்ள உயரமான கட்டடங்களில் பாதிக்கு மேல் அவர் கை படாத லிஃப்ட் இல்லை. ஆனால் அவர் குடியிருப்பது தரைத்தளத்தில். "லிஃப்ட்டை நம்பாததால்தான் கீழ்வீடு பிடித்தார்" என்று மாடியில் இருக்கும் டாக்ஸி டிரைவர் கேலி செய்வார். அதில் உண்மை இல்லாமல் இல்லை. லிஃப்ட்காரர் யார் சொல்வதையும் நம்பமாட்டார். லிஃப்ட் நின்றுவிட்டது என்று போன் வந்தால், காவலாளி ஒன்று சொல்வார், குடியிருப்பவர்கள் ஒன்று சொல்வார்கள். எல்லாவற்றுக்கும் தலையை ஆட்டிவிட்டு, பையிலிருந்து மீட்டரை எடுத்து வைத்து, அது என்ன சொல்கிறதோ அதை மட்டும் நம்புவார். மனிதர்கள் பொய் சொல்வார்கள் என்பதால் இல்லை. பதறிப்போனவர்களுக்குப் பார்த்தது எது, நினைத்தது எது என்று பிரித்துச் சொல்லத் தெரியாது என்பது அவர் கட்சி.

இப்போது அவரே வேலைக்குப் போகமுடியாமல் வீட்டில் கிடந்தார். மார்பைத் திறந்து இருதயத்தில் ஆபரேஷன் செய்திருந்தார்கள். எடை தூக்கக்கூடாது, குனியக்கூடாது, கோபப்படக்கூடாது. எல்லாவற்றையும்விட முக்கியமாக, அதிர்ச்சி தரும் எதுவும் காதில் விழக்கூடாது என்று டாக்டர் அவர் மனைவியைத் தனியாகக் கூப்பிட்டுச் சொல்லி அனுப்பினார். தனியாகச் சொன்னது அன்றைக்கே குடியிருப்பு முழுக்கப் பரவியது. அதிலிருந்து அவர் முகத்துக்கு நேரே யாரும் ஒரு சின்ன விபத்தைப் பற்றிக்கூடப் பேசுவதில்லை. அவர் வந்து நின்றால் டாக்ஸி டிரைவர் பேச்சை நிறுத்திவிட்டு வானிலையைப் பற்றி ஆரம்பிப்பார். கண்ணாடிச் சாமானைப் பார்ப்பதுபோல் எல்லாரும் தன்னைப் பார்ப்பது லிஃப்ட்காரருக்கு வேப்பங்காயாகக் கசந்தது.

ஆபரேஷன் நடந்தது மகனுக்குத் தெரியாது. சொல்லவேண்டாம் என்று லிஃப்ட்காரரே சொல்லிவிட்டார். ஆபரேஷன் தியேட்டருக்குள் தள்ளிக்கொண்டு போகும்போது மனைவியின் கையைப் பிடித்து அவர் கடைசியாகச் சொன்னது அதுதான். "நடுக்கடல்ல இருக்கிறவன். கேட்டா இறங்கி ஓடி வரவா முடியும்? அவன்கிட்ட மூச்சு விடாதே." அவள் தலையை ஆட்டினாள். ஆட்டியபடியே நடந்தும்கொண்டாள். அப்பா வெளியூரில் ஒரு பெரிய கட்டடத்தில் லிஃப்ட் வேலையாகப் போயிருக்கிறார் என்று அந்த வாரங்களை ஒப்பேற்றிவிட்டாள்.

அவளைப் பற்றியும் சொல்லவேண்டும். எலக்ட்ரானிக்ஸ் தொழிற்சாலையில் ஈயம் வைப்பவள். சர்க்யூட் பலகைகளில் பாகங்களைப் பொருத்துவதெல்லாம் அங்கே மெஷின்தான். ஆனால் மெஷின் சொதப்பியவை ஒரு தட்டில் சேர்ந்து அவள் மேஜைக்கு வரும். விட்டுப்போனதை ஒட்ட வேண்டும், ஒட்டக்கூடாததை ஒட்டியிருந்தால் பிரிக்க வேண்டும். அவளும் கைவிட்டது நேரே குப்பைக்குப் போகும் என்பதால் அங்கே அவளுக்குப் பேர் கடைசிக்கை. இடது கைக்காரி. வாய்க்கும் கைக்கும் சம்பந்தமே இல்லாமல், பக்கத்து மேஜைக்காரியிடம் கதை பேசிக்கொண்டே, எறும்புக் கால் அளவு இடத்தில் ஈயம் வைத்துவிடுவாள். கேமரா உள்ள போனைத் தொழிற்சாலைக்குள் விடமாட்டார்கள். அதனால் அவளிடம் இருந்தது பட்டன் போன். லிஃப்ட்காரரிடமும் அதுவே. வீட்டில் இவ்வளவு பெரிய திரை இருக்கும்போது உள்ளங்கையில் எதற்கு இன்னொரு திரை என்பது அவர் நியாயம். அந்தக் கம்ப்யூட்டரை உதிரிகள் வாங்கிக் கோத்தவரும் அவர்தான்.

அந்த ஞாயிற்றுக்கிழமை மகன் அம்மாவின் பட்டன் போனில் கூப்பிட்டான். லிஃப்ட்காரர்தான் எடுத்துப் பேசினார். குரல் குழறியது. வாய்க்குள் பஞ்சை வைத்துக்கொண்டு பேசுவதுபோல் இருந்தது.

"என்னடா ஆச்சு குரலுக்கு?"

"பல்வலிப்பா. கன்னம் வீங்கியிருக்கு."

"மேல்வீட்டு டிரைவர் போன்ல வரியா? மூஞ்சியப் பாத்துட்டு வச்சிடறேன்."

"இங்க சிக்னல் சரியில்லப்பா. கம்ப்யூட்டர் சரியாகட்டும், அப்புறம் பாத்துக்கலாம்."

மகன் சொன்னது இரண்டு சாக்கு. அதில் தன்னால் ரிப்பேர் செய்யக்கூடிய சாக்கு மட்டும்தான் லிஃப்ட்காரர் காதில் விழுந்தது.

"அதெல்லாம் நீங்க தொடக்கூடாது. கொஞ்ச நாள் போகட்டும், கடையில குடுத்துக்கலாம்" என்றாள் மனைவி.

"கடைக்காரன் என்ன செய்வான்? போர்டு போச்சு, புதுசு வாங்குங்கன்னு சொல்வான். அதுக்கு ஒரு கடையா?"

"வாங்கினா வாங்கிட்டுப் போறோம். உங்க உடம்பைவிட அது பெருசா?"

"உடம்பு நல்லாத்தான் இருக்கு. அவன் மூஞ்சியப் பாக்காமதான் கெட்டுப்போகுது."

அவள் அதற்குமேல் பேசவில்லை. வழக்கமாக அவள் விட்டுக்கொடுக்கிற ஆளே இல்லை. அன்றைக்கு ஏன் விட்டாள் என்று அவருக்கு உறைத்திருக்க வேண்டும். உறைக்கவில்லை.

மறுநாள் அவள் வேலைக்குக் கிளம்பிப் போனதும், டாக்ஸி டிரைவரைக் கூப்பிட்டுப் பெட்டியைத் தூக்கிச் சாப்பாட்டு மேஜை மேல் வைக்கச் சொன்னார் லிஃப்ட்காரர்.

"அண்ணிக்குத் தெரிஞ்சா என்னைத் தொலைச்சிடுவாங்க அண்ணே" என்று சொல்லிக்கொண்டே டிரைவர் வைத்தார்.

"அவ வர்றதுக்குள்ள சரியாயிடும். நீ போய் வண்டியை எடு."

பக்கத்துத் தகட்டைக் கழற்றியதும் முதல் ஆச்சரியம். உள்ளே ஒரு பொட்டுத் தூசி இல்லை. விசிறி இறக்கை ஒவ்வொன்றும் துடைத்து வைத்தமாதிரி பளபளத்தது. ஆபரேஷனுக்கு முன்னாலிருந்தே அவர் அதைத் திறந்ததில்லை. ஆக, இது அவள் வேலை. துடைக்காமல் அவளால் எந்தப் பொருளையும் பார்த்துக்கொண்டு உட்காரமுடியாது. ஓஹோ, சுத்தம் செய்கிறேன் என்று எதையோ அசைத்து வைத்திருக்கிறாள், அதைச் சொல்லப் பயந்துகொண்டுதான் கடைக்குக் கொடுக்கலாம் என்றாள் என்று லிஃப்ட்காரர் முடிவுகட்டினார். கோபம் வரவில்லை, சிரிப்புத்தான் வந்தது. சாயங்காலம் வந்ததும் ஒன்றும் சொல்லாமல் சரிசெய்து காட்டி அசத்தவேண்டும் என்று நினைத்துக்கொண்டார். பாவம், அசரப்போவது யார் என்று அவருக்கு அப்போது தெரியாது.

முதலில் பவர் சப்ளை. அதை மதர்போர்டிலிருந்து பிடுங்கி, பச்சை ஒயரையும் கறுப்பு ஒயரையும் ஒரு துண்டுக் கம்பியால் சேர்த்தார். விசிறி சுற்றியது. மீட்டரை வைத்துப் பார்த்தார். பன்னிரண்டு வோல்ட் வருகிறது, ஐந்து வருகிறது, மூன்றே கால் சொச்சமும் வருகிறது. இதில் குற்றம் இல்லை.

அடுத்தது ரேம். எடுத்து, அதன் பொன்னிறப் பற்களை ரப்பரால் தேய்த்து, திரும்பச் செருகினார். இருட்டு. இடம் மாற்றிச் செருகினார். இருட்டு. அடியோடு கழற்றி வைத்துவிட்டு ஓட்டினார். ரேம் இல்லாவிட்டால் மதர்போர்டு சும்மா இருக்காது, உள்ளே இருக்கிற சின்ன ஸ்பீக்கரில் பீப் பீப் என்று ஊரைக் கூட்டும். இது வாயே திறக்கவில்லை. போர்டில் இருந்த வட்டமான சின்ன பேட்டரியைக் கழற்றி, டீ போட்டுக் குடித்துவிட்டு, திரும்ப மாட்டினார். அதற்கும் அசையவில்லை.

லிஃப்ட்காரர் நாற்காலியில் சாய்ந்து யோசித்தார். கம்ப்யூட்டர்க்காரனாக இருந்தால் அந்த இடத்தில் போர்டு அவுட் என்று கையை உதறியிருப்பான். அவர் லிஃப்ட்காரர் இல்லையா, வேறு விதமாகத்தான் யோசிப்பார். லிஃப்ட்டுக்குள் விளக்கு எரிகிறது, ஃபேன் ஓடுகிறது, ஆனால் எந்த மாடிக்கும் அது நகரமாட்டேன் என்கிறது. அப்படி நின்றால் முதலில் எதைப் பார்ப்போம்? உள்ளே இருக்கிற சிவப்பு ஸ்டாப் பட்டனை. யாராவது அழுத்தி, அது எழும்பாமல் அப்படியே சிக்கியிருக்கும். கரன்ட் இருக்கும், உயிர் இருக்கும், 'நில்' என்ற ஆணையும் இருக்கும். கம்ப்யூட்டரில் அந்த மாதிரி பட்டன் எது?

"ரீசெட்!" என்று தனியாக இருந்த வீட்டில் சத்தமாகச் சொன்னார்.

ரீசெட் பட்டனை அழுத்திக்கொண்டே இருந்தால் எந்த மதர்போர்டும் எழுந்திருக்காது. விசிறி மட்டும் சுற்றிக்கொண்டிருக்கும். பெட்டியின் முகப்பில் இருந்த பட்டன் சிக்கியிருக்கும் என்று நினைத்து, அதிலிருந்து வரும் ஒயரைப் போர்டிலிருந்து உருவி எடுத்தார். மறுபடி ஓட்டினார். இருட்டு. அப்படியானால் பட்டன் இல்லை. கரன்ட்டை நிறுத்திவிட்டு, ஒயர் இல்லாமல் மொட்டையாக நின்ற அந்த இரண்டு ஊசிக்கம்பிகளிலும் மீட்டரின் முனைகளை வைத்தார்.

மீட்டர் பீப் என்று நீளமாகக் கத்தியது.

இரண்டு கம்பியும் ஒட்டிக்கொண்டிருக்கின்றன என்று அர்த்தம். மேலே பார்த்தால் ஒட்டவில்லை. கம்பிகள் தனித்தனியாகத்தான் நிற்கின்றன. ஒட்டு அடியில் இருக்கவேண்டும். ஏதோ ஆணி உருண்டுபோய்ப் போர்டுக்கு அடியில் மாட்டியிருக்கிறது என்று நினைத்தார். அவருக்கு உற்சாகம் தாங்கவில்லை. இருக்கிற திருகாணிகளையெல்லாம் கழற்றி, போர்டைக் குழந்தையைத் தூக்குவதுபோல் தூக்கி, மேஜையில் ஒரு துண்டை விரித்துக் குப்புறப் போட்டார். ஆணி எதுவும் விழவில்லை. பூதக்கண்ணாடியை எடுத்துக் கண்ணில் வைத்தார்.

அந்த இரண்டு கம்பிகளும் போர்டின் முதுகில் எட்டிப்பார்க்கிற இடத்தில், இரண்டையும் சேர்த்து ஒரு சொட்டு ஈயம் இருந்தது. பளிச்சென்று, புத்தம் புதிதாக.

தொழிற்சாலைக் குறை என்று சொல்லமுடியாது, இத்தனை வருஷம் ஓடிய போர்டு இது. சூட்டில் உருகி ஓடியது என்றும் சொல்லமுடியாது, அப்படியென்றால் பக்கத்தில் கருகியிருக்கும். யாரோ வைத்தது. வைத்துவிட்டுச் சுற்றியிருந்த பிசுக்கை ஸ்பிரிட் தொட்ட பஞ்சால் துடைத்தும் இருக்கிறார்கள். கண்ணாடியை இன்னும் கிட்டே கொண்டுபோனார். ஈயத்தின் தலையில் ஒரு சின்ன மூக்கு. இடது பக்கமாக வளைந்த மூக்கு.



கல்யாணம் ஆன புதிதில் வீட்டு ரேடியோவைத் திறந்துவைத்து அவருக்கு ஈயம் வைக்கச் சொல்லிக்கொடுத்தவளே அவள்தான். அவர் வைத்தால் மென்று துப்பிய சூயிங்கம் மாதிரி இருக்கும். அவள் வைத்து முடித்ததும் சால்டரிங் அயர்னின் முனையை இடது பக்கமாக ஒரு சுண்டு சுண்டி எடுப்பாள். சூப்பர்வைசர் எத்தனையோ தடவை திட்டியும் அந்தப் பழக்கம் மட்டும் போகவில்லை. அந்தச் சுண்டலில் எழும்பும் மூக்கை ஆயிரம் பலகைகளுக்கு நடுவில் காட்டினாலும் அவர் அடையாளம் சொல்வார். கம்ப்யூட்டர் சாகவில்லை. கழுத்தில் கைவைத்து நிறுத்தியிருக்கிறார்கள். நிறுத்தியது அவள்.

பூதக்கண்ணாடியைக் கீழே வைக்கவே அவருக்குக் கொஞ்ச நேரம் பிடித்தது. வைத்தபின் மண்டைக்குள் குடைச்சல் ஆரம்பித்தது. எதற்கு? முதலில் வந்தது கோபம். தன்னை ஒரு நோயாளியாக மூலையில் உட்காரவைத்தது போதாதென்று பிள்ளையின் முகத்தையும் மறைப்பதா? பிறகு சந்தேகம். பையன் அங்கே யாரையாவது கல்யாணம் செய்துகொண்டானா? அம்மாவும் பிள்ளையும் சேர்ந்து நாடகம் ஆடுகிறார்களா? அப்படி இருந்தால்கூடப் பரவாயில்லை என்று தோன்றிய உடனேயே, குழறிய அந்தக் குரல் காதில் வந்து நின்றது. பல்வலி, கன்னம் வீக்கம், மூஞ்சியக் காட்டமாட்டேன் என்கிறான்.

போன் செய்து கேட்டிருக்கலாம். போனைக் கையில் எடுத்தும் விட்டார். ஆனால் கேட்டால் போனில் பதில் வரும். பதிலை அவர் எப்போது நம்பினார்? அவள் முகத்தைப் பார்த்துக் கேட்கவேண்டும். போர்டைக் குப்புறப் போட்டது போட்டபடியே விட்டுவிட்டு, மாத்திரை சாப்பிட்டார், வாசலைப் பார்த்து உட்கார்ந்தார். அன்றைய பகல் நகரவே இல்லை.

அவள் வெயில் தாழ்ந்து வந்தாள். கதவைத் திறந்துகொண்டு வந்தவள் செருப்பைக் கழற்றிக்கொண்டே மேஜையைப் பார்த்தாள். ஒரு செருப்பு காலிலேயே நின்றுவிட்டது. முகத்தில் ஈயாடவில்லை.

"பெட்டியை யாரு தூக்கினா?" என்றாள்.

"அதுவா இப்ப முக்கியம்?"

"நீங்க தூக்கினீங்களான்னு கேக்கறேன்."

"டிரைவர் தூக்கினான். நீ இங்க வா. இது யாரு கைன்னு சொல்லு."

அவள் கிட்டே வரவில்லை. வந்து பார்க்கவேண்டிய அவசியமும் இல்லையே.

"கடைசிக்கை போட்ட ஈயத்தை எனக்குத் தெரியாதா? தூசியைத் தொடைச்சு, பிசுக்கைத் தொடைச்சு... ஒருத்தர் வீட்டுல திருட வந்தா வீட்டைப் பெருக்கிட்டா போவாங்க?" என்றார். கேலியாகச் சொல்ல நினைத்ததுதான். கேலியாக வரவில்லை. "பையனுக்கு என்ன ஆச்சு? மூடி மறைக்காம சொல்லு. நான் இதோ உக்காந்திருக்கேன். விழமாட்டேன்."

அவள் மற்ற செருப்பையும் கழற்றினாள். இரண்டையும் சேர்த்து ஓரமாக வைத்தாள். பிறகு எதிர்ச் சுவரில் சாய்ந்து நின்றுகொண்டு சொன்னாள்.

கப்பலின் இன்ஜின் அறையில் நீராவிக் குழாய் ஒன்று வெடித்துவிட்டது. மகன் பக்கத்தில் நின்றிருக்கிறான். முகத்தின் வலது பக்கமும் கழுத்தும் வெந்துவிட்டன. கண் தப்பித்துவிட்டது. இப்போது கப்பலில் இல்லை, ஒரு துறைமுகத்து ஆஸ்பத்திரியில் இருக்கிறான். உயிருக்கு ஒன்றும் இல்லை. தோல் எடுத்து வைத்துத் தைக்கிறார்கள்.

லிஃப்ட்காரருக்கு இடி விழுந்த மாதிரி இருந்தது. ஆனால் டாக்டர் பயந்ததுபோல் அவர் மார்பைப் பிடித்துக்கொண்டு சாயவில்லை. இரண்டு கையாலும் மேஜை விளிம்பைப் பிடித்துக்கொண்டார்.

"எப்போ?"

"சனிக்கிழமைக்கு முந்தின புதன்."

"உனக்கு யாரு சொன்னா?"

"கூட வேலை செய்யற பையன். டீ நேரத்துல போன் வந்துச்சு."

"அப்புறம்?"

"அப்புறம் என்ன? டீ நேரம் முடிஞ்சுது. போய் உக்காந்தேன்."

"வேலைக்கா?"

"தட்டு நிறைய போர்டு இருந்துச்சு. எழுந்து வீட்டுக்கு வந்தா நீங்க ஏன்னு கேப்பீங்க. அழுதா சூப்பர்வைசர் ஏன்னு கேப்பாரு. அதனால உக்காந்து செஞ்சேன்."

அந்தப் புதன்கிழமை சாயங்காலத்தை லிஃப்ட்காரர் நினைத்துப் பார்த்தார். அவள் வந்தாள். மாத்திரை கொடுத்தாள். அவர் மார்புத் தையலைத் துடைத்துவிட்டாள். டிரைவர் வண்டியை எங்கோ நிறுத்திவிட்டு மறந்துபோய் ஊரெல்லாம் தேடிய கதையைச் சொன்னாள், அவர் நெஞ்சு வலிக்க வலிக்கச் சிரித்தார். அவளும் சிரித்தாள். இத்தனை வருஷம் கூட இருந்தவர், மீட்டர் வைத்துப் பார்த்துத்தான் எதையும் நம்புகிறவர், அந்தச் சிரிப்பை அப்படியே நம்பிவிட்டார். மகனுக்கு நேர்ந்ததைக் கேட்டபோதுகூட வராத திகில் அவருக்கு அப்போது வந்தது.

"ஏன் என்கிட்ட சொல்லல?" என்று கத்தினார்.

"கத்தாதீங்க. தையல் இன்னும் உள்ள ஆறல."

"எனக்கு சொல்லணுமா வேணாமா? நான் அவனுக்கு அப்பா இல்ல?"

"இப்ப நான் உங்ககிட்ட சண்டை போடக்கூடாது. டாக்டர் சொல்லியிருக்காரு" என்றாள். மேஜைப் பக்கம் வந்து போர்டைப் பார்த்தாள். "சனிக்கிழமை நீங்க செக்கப்புக்குப் போனப்ப பண்ணினேன். கெட்டுப்போகக்கூடாது, எழுந்திருக்கவும் கூடாது. அதான் ரீசெட்ல வச்சேன். உங்களால பெட்டியைத் தூக்கமுடியாதுன்னு நினைச்சேன். டிரைவரை மறந்துட்டேன்."

லிஃப்ட்காரர் சால்டரிங் அயர்னைத் தேடி எடுத்துச் செருகினார். சூடானதும் கையில் எடுத்தார். போர்டின் மேல் அதைக் கொண்டுபோகவே முடியவில்லை.

"நீ வச்சது. நீயே எடு" என்றார்.

அவள் இடது கையில் வாங்கி, ஈயத்தின் மேல் செப்புப் பின்னலை வைத்து, ஒரு தொடு தொட்டாள். ஈயம் பின்னலுக்குள் உறிஞ்சிக்கொண்டு போய்விட்டது. ஸ்பிரிட்டால் துடைக்கவும் மறக்கவில்லை. இரண்டு பேருமாகப் போர்டைப் பெட்டிக்குள் வைத்தார்கள். அவர் ஆணிகளை ஒவ்வொன்றாக எடுத்துக் கொடுத்தார், அவள் திருகினாள். ரேமையும் ஒயர்களையும் செருகிவிட்டுப் பட்டனை அழுத்தியதும் ஸ்பீக்கர் ஒரே ஒரு முறை பீப் என்றது. திரையில் வெளிச்சம் வந்தது. வேறு நாளாக இருந்தால் லிஃப்ட்காரர் துள்ளியிருப்பார். அன்றைக்கு அந்த வெளிச்சத்தைப் பார்க்கவே பயமாக இருந்தது.

அவள் அடுப்பில் பாலை வைத்துவிட்டு வந்து, பட்டன் போனில் மகனைக் கூப்பிட்டாள். "அப்பாவுக்குத் தெரிஞ்சுபோச்சு. கம்ப்யூட்டர்ல வா" என்றாள். அவன் மறுபடி சிக்னல் சாக்கை எடுத்தான். "வாடா. பாத்துக்கலாம்" என்றாள் மறுபடி.

மகன் வந்தான். முகத்தில் பாதி வெள்ளைக் கட்டு. கட்டு போடாத பாதி மகனுடையதுதான், ஆனால் அதுவும் வீங்கி, உதடு ஒரு பக்கமாக இழுத்துக்கொண்டிருந்தது. தலைமுடியைச் சிரைத்திருந்தார்கள். லிஃப்ட்காரர் நாற்காலியை இழுத்துப்போட்டு, திரைக்கு எவ்வளவு கிட்டே போகமுடியுமோ அவ்வளவு கிட்டே குனிந்து, கட்டின் ஓரத்தில் சிவந்து தெரிந்த தோலைப் பார்த்தார்.

"கண்ணு தெரியுதாடா?"

"தெரியுதுப்பா. நல்லாத் தெரியுது." மகன் சிரிக்கப் பார்த்தான், உதடு ஒத்துழைக்கவில்லை. "அப்பா, நீங்க பதறாதீங்க. பாக்கத்தான் இப்படி. வலியெல்லாம் இல்ல..." என்றவன் சட்டென்று நிறுத்தினான். அவன் கண் அப்பாவின் முகத்தில் இல்லை, அதற்குக் கீழே இருந்தது. "அப்பா. உங்க நெஞ்சுல என்ன அது?"

ஆபரேஷனுக்குப் பிறகு வந்த ஒவ்வொரு ஞாயிற்றுக்கிழமையும் காலர் வைத்த சட்டையைக் கழுத்துவரை பட்டன் போட்டுவிட்டுத்தான் அவள் அவரைத் திரைக்கு முன்னால் உட்காரவைத்தாள். அன்றைக்கு அவர் வீட்டில் போடும் தளர்ந்த சட்டையோடு குனிந்திருந்தார். தொண்டைக்குழிக்குக் கீழிருந்து இறங்கிப்போகும் தையல் அப்படியே தெரிந்தது. அவர் சட்டையை இழுத்துப் பிடித்தார். பிடித்து என்ன பிரயோஜனம்?

"அது ஆபரேஷன் தையல்தானே? பொய் சொல்லாதீங்க. கப்பல்ல எங்க கேப்டனுக்கு இதே இடத்துலதான் இருக்கு. எப்ப பண்ணினாங்க? வெளியூர்ல லிஃப்ட் வேலைன்னு அம்மா சொன்னாளே... அப்பா!"

"அது ஒண்ணுமில்லடா, சும்மா..."

"சும்மா யாராவது நெஞ்சைத் திறப்பாங்களா? அம்மா எங்க? அம்மா! ஏம்மா என்கிட்ட சொல்லல? எனக்கு சொல்லணுமா வேணாமா?"

மத்தியானத்திலிருந்து அடக்கி வைத்திருந்தது லிஃப்ட்காரருக்கும் அதே நேரத்தில் கிளம்பிவிட்டது. மகன் பக்கம் சேர்ந்துகொண்டு அவரும் திரும்பினார். "அதைத்தான் நானும் கேக்கறேன். நீ ஏன் ஒரு வார்த்தை..."

அவள் நாற்காலிக்குப் பின்னால் நின்றிருந்தாள். சால்டரிங் அயர்னை அணைத்து, ஒயரைச் சுற்றிக் கையில் வைத்திருந்தாள். திரையில் அவளுடைய ஒரு தோளும் பாதி முகமும் மட்டும்தான் விழுந்தன. திரையில் இருந்தவனைப் பார்த்தாள். நாற்காலியில் இருந்தவரைப் பார்த்தாள்.

"தியேட்டருக்குள்ள போறப்ப நீங்க என் கையைப் பிடிச்சு, அவன்கிட்ட சொல்லாதேன்னீங்க" என்றாள். குரல் உயரவில்லை. "ஆஸ்பத்திரிப் படுக்கையில இருந்து அவன், அப்பாகிட்ட சொல்லாதேம்மான்னு சொன்னான். ரெண்டு பேரும் அவங்கவங்க பாரத்தை என்கிட்ட குடுத்துட்டு நிம்மதியா இருந்தீங்க. இப்ப ரெண்டு பேரும் சேர்ந்து ஏன் சொல்லலன்னு கேக்கறீங்க. சரி, நீங்களே சொல்லுங்க. நான் யார்கிட்ட சொல்லியிருக்கணும்?"

அடுப்பில் பால் பொங்கி வழியும் சத்தம் கேட்டது. அவள் அசையவில்லை. வாழ்க்கையில் முதல்முறையாக ஒரு பொருள் வீணாவதைப் பார்த்துக்கொண்டு நின்றாள். லிஃப்ட்காரர்தான் எழுந்தார். அவள் தோளைப் பிடித்து, தான் இருந்த நாற்காலியில், மகனுக்கு நேராக உட்காரவைத்துவிட்டு, அடுப்பை அணைக்கப் போனார். துணியைத் தேடி எடுத்து, குனியக்கூடாத உடம்பை மெல்ல வளைத்து, வழிந்த பாலைத் துடைத்தார். முன்னறையிலிருந்து அவள் அழும் சத்தம் வந்தது. லிஃப்ட்காரர் உடனே அங்கே போகவில்லை. அது ஓயட்டும் என்று துணியைப் பிழிந்து பிழிந்து அதே இடத்தைத் துடைத்துக்கொண்டிருந்தார்.